கணக்கில் வராத மாணவி

உலகின் தலைசிறந்த பொறியியல் கல்வி நிறுவனங்களுள் ஒன்றான மாசசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகத்தில் 1973-ஆம் ஆண்டு ஒரு பேராசிரியர் இருக்கை நிறுவப்பட்டது. அதற்கு எலன் ஸ்வாலோ ரிச்சர்ட்ஸ் என்ற பெயர் சூட்டப்பட்டது. சரியாக நூறு ஆண்டுகளுக்கு முன் அங்கே பட்டம் பெற்ற முதல் பெண்மணி அவர். அதே நிறுவனத்தில் 27 ஆண்டுகள் பயிற்றுநராகப் பணியாற்றியவர். எனினும், தம் வாழ்நாளில் அவர் ஒருபோதும் பேராசிரியராக்கப்படவில்லை.

இதனைக் காலத்தின் கோலம் என்று சொல்லிக் கடந்துவிடலாம். ஆனால், அவருடைய வாழ்க்கை வரலாற்றைப் பொருளியல் கண்ணோடு படிப்பவருக்கு வேறொன்று புலப்படும். புறக்கணிக்கப்பட்ட ஒரு பிரிவினரைத் துறைக்குள் அனுமதிப்பது ஒன்று. அவர்களைக் கணக்கில் சேர்த்துக்கொள்வது மற்றொன்று. இந்த இரண்டுக்கும் இடையே உள்ள தொலைவை எலன் ரிச்சர்ட்ஸ் தம் சொந்தச் செலவில் கடந்தார்.

அவர் 1842 டிசம்பர் 3-ஆம் தேதி மாசசூசெட்ஸ் மாநிலத்தின் டன்ஸ்டபிள் என்ற சிற்றூரில் பிறந்தார். பெற்றோர் இருவரும் ஆசிரியப் பயிற்சி பெற்றவர்கள். ஒரே மகளான எலனுக்கு வீட்டிலேயே கல்வி புகட்டினார்கள். பின்னர் அவர் படிப்புக்காகக் குடும்பம் வெஸ்ட்ஃபோர்டு நகருக்குக் குடிபெயர, தந்தை அங்கே ஒரு கடை திறந்தார். படித்த நேரம் போக மற்ற நேரங்களில் எலன் கடையில் நின்று வாணிபம் பழகினார்.

பள்ளிப் படிப்பு முடிந்தபின் கல்லூரிக் கனவு பல ஆண்டுகள் தள்ளிப் போயிற்று. தாயின் நோயும் பணமின்மையும் அதற்குக் காரணங்கள். பாடம் கற்பித்தும், தனிப்பயிற்சி அளித்தும், பிறர் வீடுகளில் சமையல், துப்புரவு வேலைகள் செய்தும் சுமார் 300 டாலர் சேர்த்தார். பெண்களுக்கென்று 1865-இல் திறக்கப்பட்டிருந்த வாசர் கல்லூரியில் 1868-இல் சேர்ந்தபோது அவருக்கு வயது 25. அங்கே புகழ்பெற்ற வானியல் அறிஞர் மரியா மிட்செலிடம் பயின்றார். எனினும், அவரது மனம் வேதியியலிலேயே நின்றது. அறிவியல் என்பது அன்றாட வாழ்வின் இடர்களைத் தீர்ப்பதற்கே என்று கருதிய வேதியியல் பேராசிரியர் சார்லஸ் ஃபேரரின் போக்கு அவரை ஈர்த்தது.

1870-இல் பட்டம் பெற்றதும் வேதியியல் தொழில் நிறுவனங்களுக்கு விண்ணப்பித்தார். பெண்ணைப் பயிற்சியாளராக ஏற்க யாரும் முன்வரவில்லை. அவற்றுள் ஃபிலடெல்ஃபியா நிறுவனம் ஒன்றுதான், பாஸ்டனில் புதிதாகத் தோன்றியிருக்கும் தொழில்நுட்பக் கழகத்தை அணுகிப் பார்க்கும்படி கூறியது. அந்தக் கழகத்தில் வகுப்புகள் தொடங்கி ஐந்தே ஆண்டுகள் ஆகியிருந்தன. பெண் எவரும் அதுவரை அங்கே சேர்ந்ததில்லை.

1870 டிசம்பரில் அவருடைய விண்ணப்பம் ஆசிரியர் குழுவின் முன் வந்தது. குழு அவரைச் சிறப்பு மாணவியாகச் சேர்த்துக்கொள்ள இசைந்தது. ஆனால், இது பெண்களைப் பொதுவாகச் சேர்ப்பதற்கு முன்னுதாரணம் ஆகாது என்ற குறிப்பையும் தீர்மானத்தில் சேர்த்தது. கட்டணம் எதுவும் வேண்டாம் என்றும் அவருக்குத் தெரிவிக்கப்பட்டது. தமது ஏழ்மையைக் கருதிக் காட்டப்பட்ட சலுகை என்றே அவர் அதனை எண்ணினார்.

உண்மைக் காரணம் பிறகுதான் தெரியவந்தது. அறங்காவலர்களோ மற்ற மாணவர்களோ ஆட்சேபம் எழுப்பினால், அவர் கழகத்தின் மாணவியே அல்லர் என்று தலைவர் சொல்லிவிட வசதியாகக் கட்டணம் வாங்காமல் விட்டிருந்தனர். இது முன்பே தெரிந்திருந்தால் அந்த நிபந்தனையை ஏற்றுச் சேர்ந்திருக்கவே மாட்டேன் என்று அவர் பிற்காலத்தில் கூறினார்.

இலவசமாகக் கிடைப்பது எதுவும் உண்மையில் இலவசமன்று என்பது பொருளியலின் பாலபாடம். இங்கே அது வேறொரு பொருளில் மெய்யாயிற்று. கட்டணம் என்பது செலவு மட்டுமன்று; அது ஓர் உரிமைச் சீட்டு. கட்டணம் செலுத்தியவரின் பெயர் பேரேட்டில் ஏறுகிறது. அவர் கேள்வி கேட்கலாம். செலுத்தாதவர் விருந்தினர். விருந்தினரை எப்போது வேண்டுமானாலும் வழியனுப்பி வைக்கலாம்.

விருந்தினராக இருந்துகொண்டே தவிர்க்க முடியாதவராக மாறுவது என்ற வழியை எலன் தேர்ந்துகொண்டார். ஆய்வகத்தைத் துடைத்தார், பேராசிரியர்களின் காகிதங்களை ஒழுங்குபடுத்தினார், கிழிந்தவற்றைத் தைத்துக் கொடுத்தார். பெண்ணுக்குரியவை எனக் கருதப்பட்ட வேலைகளைத் தாம் இகழவில்லை என்று காட்டுவது எதிர்ப்பைத் தணிக்கும் என்பது அவருடைய கணிப்பு. அது பலித்தது. இன்றைய வாசகருக்கு இது கசக்கலாம். வகுப்பில் அமர்ந்த எந்த ஆணும் தன் இடத்தைக் காத்துக்கொள்ளப் பிறர் கிழிசலைத் தைக்க வேண்டியிருந்ததில்லை.

அவரை உண்மையில் நிலைநிறுத்தியது ஆய்வுத் திறமைதான். பேராசிரியர் வில்லியம் ரிப்ளி நிக்கோல்ஸ் பெண்கல்வியில் நம்பிக்கை இல்லாதவர். மாநிலச் சுகாதார வாரியத்துக்காக நீர்ப் பகுப்பாய்வை மேற்கொண்ட அவர், அதற்கு உதவியாளராகத் தேர்ந்தது எலனைத்தான். 1873-இல் கழகத்தின் இளம் அறிவியல் பட்டமும், இரும்புத் தாதுவில் வனேடியம் குறித்த ஆய்வுக்காக வாசர் கல்லூரியின் முதுகலைப் பட்டமும் அவருக்குக் கிடைத்தன. மேலும் தொடர்ந்து ஆராய்ந்தும் முனைவர் பட்டம் கிட்டவில்லை. வேதியியலில் கழகம் வழங்கும் முதல் முனைவர் பட்டம் ஒரு பெண்ணுக்குச் சென்றுவிடக் கூடாது என்ற எண்ணமே காரணம் என்று அவருடைய கணவர் கருதினார்.

கணவர் ராபர்ட் ஹாலோவெல் ரிச்சர்ட்ஸ், அதே கழகத்தின் சுரங்கப் பொறியியல் பேராசிரியர். 1875 ஜூன் மாதம் திருமணம் நடந்தது. கணவரின் துறையிலும் எலன் உழைத்தார். 1879-இல் அமெரிக்கச் சுரங்கப் பொறியாளர் கழகத்தின் முதல் பெண் உறுப்பினரானார். கணவரின் ஊதியம் குடும்பத்துக்குப் போதுமானதாக இருந்தது. இதன் பயன் என்ன என்பதை அடுத்த சில ஆண்டுகள் காட்டின.

தாம் ஒருவர் உள்ளே வந்தது விதிவிலக்கு என்பதை எலன் மறக்கவில்லை. விதிவிலக்கை விதியாக்க வேண்டுமானால் பத்துப் பேர், நூறு பேர் என்று பயிற்சி பெற்றவர்கள் வேண்டும். ஆனால், அக்காலப் பெண்களில் மிகப் பெரும்பாலோர் சோதனைக் குழாயைக் கையால் தொட்டுக்கூடப் பார்த்திராதவர்கள். பள்ளிகளில் அறிவியல் கற்பிக்கும் ஆசிரியைகளின் நிலையும் அதுவே. கதவைத் திறந்துவைத்தாலும் நுழைவதற்கான தகுதியைப் பெற இடமில்லை. தகுதியானவர்கள் வரவில்லை என்று நிறுவனம் கைவிரித்துவிட இதுவே போதுமானது.

ஆகவே, பெண்களுக்கென்று தனி ஆய்வகம் ஒன்றை அமைக்கும்படி பாஸ்டன் மகளிர் கல்விச் சங்கத்தை அணுகினார். சங்கம் கருவிகளுக்குப் பணம் தந்தது. கழகம் இடம் தந்தது. 1876 நவம்பரில் மகளிர் ஆய்வகம் திறக்கப்பட்டது. பேராசிரியர் ஜான் ஆர்ட்வே பொறுப்பேற்க, எலன் அவருக்குத் துணையாக நின்று பகுப்பாய்வு வேதியியல், தொழில் வேதியியல், கனிமவியல், உயிரியல் ஆகியவற்றைக் கற்பித்தார். வந்தவர்களில் பலர் பள்ளி ஆசிரியைகள். எலனுக்கு ஊதியம் கிடையாது. மாறாக, ஆண்டுதோறும் சுமார் 1,000 டாலரைத் தம் கையிலிருந்து ஆய்வகத்துக்குக் கொடுத்துவந்தார்.

மாணவியாக இருந்தபோது கட்டணம் வாங்கவில்லை. ஆசிரியையானபோது ஊதியம் தரவில்லை. நிறுவனத்தின் வரவிலும் செலவிலும் அவர் பெயர் இல்லை. ஆனால், அந்த ஏழு ஆண்டுகளில் பயிற்சி பெற்ற பெண்களை இனியும் கதவுக்கு வெளியே நிறுத்த முடியாது என்ற நிலை உருவாயிற்று. 1883-இல் பெண்கள் வழக்கமான வகுப்புகளில் சேரலாம் என்றானதால் மகளிர் ஆய்வகம் மூடப்பட்டது. அதன் கட்டடமும் இடிக்கப்பட்டது. எலனின் வெற்றி அவருடைய வேலையையே இல்லாமல் ஆக்கிற்று.

தனி ஏற்பாடுகளைப் பற்றி நாம் இன்றும் விவாதிக்கிறோம். தனி வகுப்பு, தனி இடம், தனி நிதி ஆகியவை பிரிவினையை நிலைப்படுத்துமா, அகற்றுமா என்பது அந்த விவாதத்தின் மையம். எலனின் ஆய்வகம் இதற்கு ஒரு தெளிவான விடையைத் தருகிறது. எந்தத் தனி ஏற்பாடு பொதுவான இடத்துக்கு ஆட்களை அனுப்பித் தன்னையே தேவையற்றதாக்கிக்கொள்கிறதோ, அது படிக்கட்டு. எது தன்னிடம் வந்தவர்களை அங்கேயே தங்கவைக்கிறதோ, அது முற்றம். அவர் கட்டியது படிக்கட்டு.

பொதுவகுப்பில் சேர்ந்தபின்னும் தேவைகள் தீர்ந்துவிடவில்லை என்பதையும் அவர் அறிந்திருந்தார். ஆண்களுக்காகவே கட்டப்பட்ட வளாகத்தில் பெண்கள் இளைப்பாறவும் உட்கார்ந்து படிக்கவும் ஓர் இடம் வேண்டும். அதற்காக நிதி திரட்டினார். மகளிர் ஆய்வகத்தில் பயின்று இளம் வயதில் மறைந்த மார்கரெட் செனி என்பவரின் பெயரால் ஒரு படிப்பறை உருவாயிற்று. மாணவியருக்கு உதவித்தொகை தேடித் தருவது, வேலை பெற்றுத் தருவது, துவண்டபோது அறிவுரை கூறுவது ஆகியவையும் அவருடைய பொறுப்புகளாயின. இன்றைய பல்கலைக்கழகங்களில் இவற்றுக்கெல்லாம் தனித்தனி அலுவலகங்கள் உள்ளன.

வளாகத்துக்கு வர முடியாதவர்களையும் அவர் விடவில்லை. வீட்டிலிருந்தே பெண்கள் அஞ்சல் வழியாகப் படிக்க, அன்னா டிக்னர் 1873-இல் ஒரு சங்கம் தொடங்கியிருந்தார். அதன் அறிவியல் பிரிவை 1876 முதல் எலன் நடத்தினார். தொலைவிலிருந்த பண்ணை வீடுகளில் வாழ்ந்த பெண்களோடு கடிதத் தொடர்பு வளர்ந்தது. பாடத்தைப் பற்றிய கேள்விகளோடு நோய், களைப்பு, தனிமை ஆகியவற்றையும் அவர்கள் எழுதினர். காற்று, நீர், உணவு ஆகியவற்றின் தூய்மை குறித்து அவர் பின்னாளில் காட்டிய தீவிரத்துக்கு அந்தக் கடிதங்களும் ஒரு காரணம்.

1884-இல் கழகம் சுகாதார வேதியியல் ஆய்வகம் ஒன்றைத் தொடங்கியது. அதில் எலன் பயிற்றுநராக நியமிக்கப்பட்டார். கழகத்தின் ஆசிரியர் பட்டியலில் ஒரு பெண்ணின் பெயர் இடம்பெற்றது அதுவே முதல் முறை. 1911-இல் இறக்கும்வரை அவர் வகித்த பதவியும் அதுதான்.

அந்தச் சிறிய பதவியிலிருந்து அவர் செய்த பணி பெரிது. 1887 முதல் இரண்டு ஆண்டுகள் மாநிலச் சுகாதார வாரியத்துக்காகப் பேராசிரியர் தாமஸ் டிரவுனின் மேற்பார்வையில் மாசசூசெட்ஸ் நீர்நிலைகள் அனைத்தையும் ஆராயும் பணி நடந்தது. ஆய்வகப் பொறுப்பு எலனுடையது. 20,000-க்கும் மேற்பட்ட நீர் மாதிரிகள் பகுப்பாய்வு செய்யப்பட்டன. அவ்வளவு விரிவான நீராய்வு அமெரிக்காவில் அதற்கு முன் நடந்ததில்லை.

அந்த ஆய்வின் பயன்களுள் முதன்மையானது இயல்பு குளோரின் வரைபடம். கடற்காற்று உப்பைச் சுமந்து வருவதால் கடற்கரையை ஒட்டிய நீரில் குளோரின் அளவு இயல்பாகவே மிகுதி. உள்நாட்டுக்குச் செல்லச் செல்லக் குறையும். மனிதக் கழிவிலும் உப்பு உண்டு. எனவே, ஒரு குளத்தில் குளோரின் மிகுதியாக இருந்தால் அது கடலிலிருந்து வந்ததா, சாக்கடையிலிருந்து வந்ததா என்பது எளிதில் தெரியாது. ஒவ்வோர் இடத்துக்கும் இயல்பான அளவு எது என்று கண்டறிந்து, சம அளவுள்ள இடங்களைக் கோடுகளால் இணைத்து மாநிலத்துக்கே ஒரு படம் வரைந்தனர். அதன்பின் எந்த ஊரின் நீரில் அந்த இயல்பைவிட அளவு கூடியிருந்தாலும் கழிவு கலந்திருக்கிறது என்று கொள்ளலாம். அமெரிக்காவில் நீர்த் தரத்துக்கான முதல் அளவுகோல்கள் வகுக்கப்பட இந்த ஆய்வு வழிகாட்டியது.

ஏறக்குறைய அதே காலத்தில் கழகம் சுகாதாரப் பொறியியல் என்ற புதிய படிப்பைத் தொடங்கியது. நீர், காற்று, கழிவுநீர் ஆகியவற்றின் பகுப்பாய்வை அதன் மாணவர்களுக்கு எலன் கற்பித்தார். வகுப்பில் பெரும்பாலோர் ஆண்கள். நகரங்களுக்குக் குடிநீர் வழங்கும் பணியில் இறங்கவிருந்த அந்த இளைஞர்கள் தம் அடிப்படைப் பாடத்தை ஒரு பெண்ணிடம் கற்றார்கள். பெண்களால் பொறியியல் இயலுமா என்ற கேள்விக்கு இதைவிடச் சிறந்த விடை வேறில்லை. 1900-இல் ஆல்ஃபியஸ் உட்மனோடு இணைந்து காற்று, நீர், உணவு குறித்து அவர் எழுதிய நூல், அந்த வகுப்பறை அனுபவத்தின் விளைவு.

விவாதத்தைத் தரவுகளால் எதிர்கொள்வது அவர் சார்ந்திருந்த இயக்கத்தின் இயல்பும்கூட. உயர்கல்வி பெண்களின் உடல்நலத்தைக் கெடுக்கும் என்று பாஸ்டன் மருத்துவர் எட்வர்ட் கிளார்க் 1873-இல் எழுதிய நூல் பெரும் பரபரப்பை ஏற்படுத்தியிருந்தது. 1881-இல் மேரியன் டால்பட் முதலானோருடன் சேர்ந்து எலன் கல்லூரிப் பட்டதாரிப் பெண்களின் சங்கத்தை உருவாக்கினார். அச்சங்கம் பட்டதாரிப் பெண்களுக்கு வினாப்படிவம் அனுப்பி, 705 பேரின் விடைகளைத் திரட்டியது. மாநிலத் தொழிலாளர் புள்ளியியல் பணியகம் 1885-இல் முடிவுகளை வெளியிட்டது. படித்ததனால் பெண்கள் நோயாளிகளாகிவிடவில்லை என்பது தெளிவாயிற்று. அச்சத்தைப் புள்ளிவிவரம் வென்ற தொடக்ககால நிகழ்வுகளுள் இது ஒன்று.

எலனின் முயற்சிகள் அனைத்தும் வென்றுவிடவில்லை. 1890-இல் மேரி ஹின்மன் ஏபலுடன் பாஸ்டனில் நியூ இங்கிலாந்து சமையற்கூடத்தை அவர் திறந்தார். மலிவான, சத்துள்ள உணவை அறிவியல் முறையில் சமைத்து உழைப்பாளர் குடும்பங்களுக்கு விற்பது நோக்கம். வெளிநாடுகளிலிருந்து குடியேறிய தொழிலாளர்கள் அந்தச் சப்பென்ற உணவை விரும்பவில்லை. ஊட்டச்சத்தின் அளவைத் துல்லியமாகக் கணக்கிட்டவர்கள், உண்பவரின் நாவையும் நினைவையும் கணக்கில் சேர்க்கவில்லை. தம்மை ஒரு நிறுவனம் எவ்வாறு கணக்கில் விட்டதோ, ஏறக்குறைய அவ்வாறே அவரும் பிறரைக் கணக்கில் விட்டார் என்பதைச் சொல்லாமல் இருக்க முடியாது. சமையற்கூடம் பின்னர் பள்ளி மாணவர்களுக்கு மதிய உணவு வழங்கும் பணிக்குத் திரும்பிப் பயன்பட்டது.

1899 முதல் பத்தாண்டுகள் லேக் பிளாசிட் மாநாடுகளுக்கு அவர் தலைமை தாங்கினார். அவற்றின் விளைவாக 1908-இல் அமெரிக்க மனையியல் சங்கம் தோன்றியது. அதன் முதல் தலைவர் அவரே. வீடு என்பதும் ஓர் உற்பத்தி நிலையம். அங்கே செலவாகும் உழைப்பு, எரிபொருள், உணவு ஆகியவை அறிவியலின் ஆய்வுக்கு உரியவை என்பது அவருடைய நிலைப்பாடு. இல்லத்தில் நிகழும் ஊதியமற்ற உழைப்பைப் பொருளியலாளர்கள் கண்டுகொள்ளாத காலத்தில் எழுந்த இந்தக் குரல் மதிக்கத்தக்கது.

ஆனால், விளைவு இருமுனைக் கத்தியாயிற்று. மனையியல் துறைகள் பல்கலைக்கழகங்களில் ஏராளமான பெண்களுக்கு ஆசிரியப் பணியும் ஆய்வு வாய்ப்பும் தந்தன. அதே வேளையில், வேதியியலில் பயிற்சி பெற்ற பெண்ணை வேதியியல் துறையில் சேர்க்காமல் மனையியலுக்கு அனுப்பிவைப்பதற்கு அது ஒரு வசதியான வழியுமாயிற்று. மகளிர் ஆய்வகத்தைப் படிக்கட்டாகக் கட்டியவரே, தம் இறுதிக் காலத்தில் ஒரு முற்றத்தையும் கட்டினார். அந்தப் பழியை அவர்மீது முழுவதும் சுமத்துவது நியாயமன்று. முதன்மைத் துறைகள் கதவைச் சாத்தியிருந்தபோது பக்கத்தில் வேறொரு வீடு கட்டியது அவர் குற்றமாகாது.

1910-இல் ஸ்மித் கல்லூரி அவருக்கு மதிப்புறு அறிவியல் முனைவர் பட்டம் வழங்கியது. 1911 மார்ச் 30 அன்று, தமது 68-ஆவது வயதில் அவர் காலமானார். இறுதிவரை பணியில் இருந்தார்.

அவருக்குப் பின் நடந்ததும் சிந்திக்கத்தக்கது. பெண்கள் சேர்வதற்கு விதியில் தடை இல்லை; ஆயினும், எம்.ஐ.டி.யில் அவர்களின் எண்ணிக்கை அடுத்த அரை நூற்றாண்டுக்கு மிகச் சொற்பமாகவே இருந்தது. தங்குவதற்கு இடமில்லாததும் அதற்கு ஒரு காரணம். 1904-இல் அங்கே பட்டம் பெற்ற கேதரின் டெக்ஸ்டர் மெக்கார்மிக் என்ற செல்வந்தப் பெண்மணியின் நன்கொடையால் 1963-இல் மகளிர் விடுதி எழுந்த பிறகே நிலைமை மாறத் தொடங்கியது. விதி திறந்த கதவை விடுதி அகலமாக்கியது. மார்கரெட் செனி படிப்பறைக்காக நிதி திரட்டிய எலனுக்கு இதில் வியப்பு இருந்திருக்காது.

பன்முகத்தன்மை இன்று உயர்கல்வி நிறுவனங்களின் விளம்பரங்களில் அழகாக அச்சாகிறது. சேர்க்கை எண்ணிக்கையைக் காட்டுவது எளிது. அவ்வாறு சேர்ந்தவர்களுக்கு ஆயத்தப் பயிற்சி எங்கே, விடுதி எங்கே, உதவித்தொகை எங்கே என்று கேட்க வேண்டும். அவர்களுக்கு வழிகாட்டும் கூடுதல் பணியை யார் தலையில் சுமத்தியிருக்கிறோம், அந்த உழைப்பு பதவி உயர்வில் கணக்கிடப்படுகிறதா என்றும் கேட்க வேண்டும். பெரும்பாலும், முதலில் உள்ளே வந்த ஓரிருவரே பின்னால் வருபவர்களையும் தாங்கிக்கொள்ள வேண்டும் என்று நிறுவனங்கள் எதிர்பார்க்கின்றன. நன்றி சொல்லிவிட்டு நகர்ந்துவிடுகின்றன.

கணவரின் ஊதியம் இருந்ததால் எலனால் ஏழு ஆண்டுகள் இலவசமாக உழைக்க முடிந்தது. அத்தகைய பின்புலம் எல்லோருக்கும் வாய்க்காது. தனிமனிதரின் தியாகத்தை நம்பி நடைபெறும் சீர்திருத்தம், தியாகம் செய்ய வசதியுள்ளவர்களை மட்டுமே முன்னோடிகளாக்கும். வசதியற்ற எத்தனை எலன்கள் அந்தக் கதவுக்கு வெளியிலேயே நின்றுவிட்டார்கள் என்பதற்கு எந்தப் பேரேட்டிலும் பதிவில்லை. ஒரு முன்னோடியின் பெயரால் இருக்கை நிறுவுவது நற்செயல்தான். அடுத்த முன்னோடி வாழும் காலத்திலேயே அவருக்குரிய இருக்கையைத் தருவது அதைவிடச் சிக்கனமானது, நேர்மையானதும் அதுவே.

கட்டுரையாளர்: பொருளியல் பேராசிரியர் (ஓய்வு).